மேடை, வெள்ளித்திரை, சின்னத்திரை – 9: கேமராமேனைவிடக் குறைந்த சம்பளம்

கேத்தி கேல் பாத்திரத்தில் நடித்துவந்த ஹானர் பிளாக்மன், ஜேம்ஸ் பாண்ட் படமான 'கோல்ட்ஃபிங்கர்' வாய்ப்பு வந்ததும் 'தி அவெஞ்சர்ஸ்' தொடரை விட்டு 1964-இல் விலகியதைச் சென்ற அத்தியாயத்தில் பார்த்தோம். இன்று அவெஞ்சர்ஸ் என்றால் அயர்ன்மேனும் ஹல்க்கும்தான் நினைவுக்கு வருவார்கள். இந்த அவெஞ்சர்ஸ் வேறு. பவுலர் தொப்பியும் குடையுமாக வரும் ஜான் ஸ்டீட் என்ற உளவாளியும் அவருடன் சேர்ந்து துப்புத் துலக்கும் ஒரு பெண்ணும்தான் இதில் நாயகர்கள். பிரிட்டனில் 1961-இல் தொடங்கிய தொடர் இது. ஸ்டீட்டாக நடித்தவர் பேட்ரிக் மெக்னீ.

பிளாக்மன் போனபின் புதிதாக ஒரு பாத்திரத்தை எழுதினார்கள். பெயர் எம்மா பீல். எலிசபெத் ஷெப்பர்ட் என்ற நடிகையை ஒப்பந்தம் செய்து படப்பிடிப்பையும் தொடங்கினார்கள். ஒரு எபிசோட் முடிந்து, இரண்டாவது பாதியில் நிற்கும்போது, 'இது சரிவராது' என்று நிறுத்திவிட்டார்கள். படமாக்கியது வீண். மறுபடியும் ஆள் தேடினார்கள். அப்படித் தேடியபோது ஆடிஷனுக்கு வந்தவர்களில் ஒருவர், 26 வயது ஷேக்ஸ்பியர் நாடக நடிகை டயானா ரிக். அதுவரை அந்தத் தொடரின் ஒரு எபிசோடைக்கூட அவர் பார்த்ததில்லை. சும்மா முயன்று பார்ப்போமே என்றுதான் வந்திருந்தார். வேலை அவருக்குக் கிடைத்தது.

இந்த அத்தியாயம் அவரைப் பற்றியது. நடிப்பில் அவருக்கு இணையான பிரிட்டிஷ் நடிகைகள் சிலர் உண்டு. ஆனால் தன் உழைப்புக்கு என்ன விலை என்பதைப் பிறர் முடிவுசெய்ய விடாமல், 60 ஆண்டுகள் மேடைக்கும் திரைக்கும் சின்னத்திரைக்கும் மாறி மாறிப் போய்வந்தவர் என்ற வகையில் டயானா ரிக்கின் கதையைத் தனியாகச் சொல்ல வேண்டும்.

---

யார்க்‌ஷயர் பகுதியிலுள்ள டான்காஸ்டர் ஒரு ரயில் நகரம். நீராவி என்ஜின்களில் உலக வேகச் சாதனை படைத்த 'மல்லார்ட்' அங்குள்ள பட்டறையில் உருவானதுதான். அந்தச் சாதனை நிகழ்ந்தது 1938 ஜூலை 3-இல். அதே மாதம் 20-ஆம் தேதி அதே ஊரில் பிறந்தார் டயானா. தந்தை லூயிஸ் ரிக்கும் ரயில்வேக்காரர். அவருக்கு வேலை ராஜஸ்தானத்தில், பிகானேர் சமஸ்தானத்தின் ரயில்வேயில். பிறந்து இரண்டு மாதத்தில் குழந்தை இந்தியா வந்தது. எட்டு வயதுவரை அங்கேதான் வளர்ந்தது. ஆயாக்களோடும் வேலைக்காரர்களோடும் பேசிப் பேசி இந்தி டயானாவுக்கு இரண்டாவது மொழியானது.

எட்டு வயதில் எல்லாம் மாறியது. லீட்ஸ் நகருக்கு அருகே, மொரேவியன் திருச்சபை நடத்திய ஃபுல்நெக் பெண்கள் பள்ளியின் விடுதியில் பெற்றோர் அவரைச் சேர்த்தார்கள். பாலைவன வெயிலில் வளர்ந்த பிள்ளைக்கு அந்தக் குளிரும் கட்டுப்பாடும் கொஞ்சமும் ஒட்டவில்லை. ஆனாலும் தன் குணத்தை வார்த்ததில் இந்தியாவைவிட யார்க்‌ஷயருக்கே அதிகப் பங்கு என்று பிற்காலத்தில் அவர் கருதினார். மனதில் பட்டதைப் பட்டென்று சொல்லிவிடும் ஊர் என்று இங்கிலாந்தில் யார்க்‌ஷயருக்குப் பெயர் உண்டு.

17 வயதில், 1955-இல், லண்டனிலுள்ள ராடா நாடகப் பள்ளியில் சேர்ந்தார். உடன் படித்தவர்களில் கிளென்டா ஜாக்ஸனும் ஷான் ஃபிலிப்ஸும் உண்டு. ஜாக்ஸன் பின்னாளில் இரண்டு ஆஸ்கர் வாங்கி, அரசியலுக்குப் போய் நாடாளுமன்ற உறுப்பினரும் ஆனார். 1957-இல் யார்க் நகர விழாவில் பிரெக்டின் 'தி காக்கேசியன் சாக் சர்க்கிள்' நாடகத்தில் டயானா முதன்முதலாகத் தொழில்முறை மேடை ஏறினார். 1959-இல் ஸ்ட்ராட்ஃபோர்டில் ஷேக்ஸ்பியர் நாடகக் குழுவில் சேர்ந்தார். அதுவே சீக்கிரம் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி என்று பெயர் பெற்றது.

அங்கே அவருக்கு வாய்த்த பெரிய வேடம், 1962-இல் பீட்டர் புரூக் இயக்கிய 'கிங் லியர்' நாடகத்தில் கார்டிலியா. லியராக பால் ஸ்கோஃபீல்ட். அலங்காரங்களை எல்லாம் களைந்து, வெறுமையான மேடையில், இரக்கமற்ற ஓர் உலகத்தைக் காட்டிய அந்தத் தயாரிப்பு 20-ஆம் நூற்றாண்டின் முக்கியமான ஷேக்ஸ்பியர் அரங்கேற்றங்களில் ஒன்றாகக் கருதப்படுகிறது. 1964-இல் அந்த நாடகத்தோடு குழு கிழக்கு ஐரோப்பா, சோவியத் ஒன்றியம், அமெரிக்கா என்று சுற்றிவந்தது. ஊர் திரும்பியதும் டயானா குழுவிலிருந்து விலகினார். ஐந்து ஆண்டுகள் ஒரே கம்பெனியில் இருந்தாயிற்று, வேறு ஏதாவது செய்ய வேண்டும் என்ற தவிப்பு.

ஷேக்ஸ்பியர் மேடையிலிருந்து வாரத் தொடருக்குப் போவதை அன்றைய நாடக உலகம் ஒரு படி இறக்கமாகத்தான் பார்த்தது. அந்த நேரத்தில்தான் எம்மா பீல் வந்தாள்.

---

அதுவரை 'தி அவெஞ்சர்ஸ்' ஸ்டுடியோவுக்குள் வீடியோ டேப்பில் பதிவான தொடர். அந்தக் காலத்தில் டேப்பை வெட்டி ஒட்டுவது பெரும் செலவு பிடித்த வேலை. ஆகவே மேடை நாடகம்போல் நீளம் நீளமாக நடித்துப் பதிவுசெய்தார்கள். வசனம் தடுமாறினாலும் பல சமயம் அப்படியே ஒளிபரப்பிவிடுவார்கள். டயானா வந்த பருவத்திலிருந்து தொடர் எல்ஸ்ட்ரீ படப்பிடிப்புத் தளத்துக்கு மாறி, 35 மி.மீ. ஃபிலிமில், சினிமாவைப்போல் ஒற்றைக் கேமராவில் படமானது. கிராமத்துச் சாலைகள், பாழடைந்த மாளிகைகள், ஆளில்லாத விமானத் தளங்கள் என்று கேமரா வெளியே போனது. லாரி ஜான்சனின் புதிய முகப்பிசை சேர்ந்தது. இந்தத் தரத்தைப் பார்த்துத்தான் அமெரிக்காவின் ஏபிசி நெட்வொர்க் தொடரை வாங்கியது. முதலில் கறுப்பு வெள்ளை. அமெரிக்கச் சந்தையை முன்னிட்டு 1967-இல் வண்ணத்துக்கு மாறினார்கள்.

எம்மா பீல் எப்படிப்பட்டவள்? விமானியான கணவனை இழந்துவிட்டதாக நம்பப்படும் இளம் பெண். விஞ்ஞானம் தெரிந்தவள். லோட்டஸ் எலான் காரைச் சீறவிட்டு ஓட்டுவாள். கராத்தே தெரிந்தவள். பிரச்சினை வந்தால் ஆண் வந்து காப்பாற்றட்டும் என்று காத்திருக்க மாட்டாள். பல எபிசோடுகளில் ஸ்டீட்டைக் காப்பாற்றுவதே அவள்தான். இருவருக்கும் இடையே காதலா நட்பா என்பதைத் தொடர் கடைசிவரை உடைத்துச் சொல்லவில்லை. ஜான் பேட்ஸ் வடிவமைத்த கறுப்பு வெள்ளை வடிவியல் கோடு போட்ட உடைகள் லண்டன் கடைகளிலும் விற்பனைக்கு வந்தன. ஆபத்தான சண்டைக் காட்சிகளில் டயானாவுக்கு டூப் போட்ட சிட் சைல்ட் என்ற பெண்ணையும் இங்கே சொல்ல வேண்டும். பெண் நடிகைக்கு ஆண்களே விக் வைத்து டூப் போடுவது சாதாரணமாக இருந்த காலம் அது.

அந்தப் பாத்திரம் எவ்வளவு புதிது என்பதற்கு 1966-இல் ஒளிபரப்பான 'தி ஹவுஸ் தட் ஜாக் பில்ட்' எபிசோடே போதும். ஒரு மாமா எழுதிவைத்ததாகச் சொல்லப்படும் வீட்டைப் பார்க்க எம்மா தனியாகக் காரோட்டிப் போகிறாள். உள்ளே நுழைந்து ஒரு கதவைத் திறக்கிறாள், நடக்கிறாள், புறப்பட்ட இடத்துக்கே வந்து நிற்கிறாள். மறுபடி நடக்கிறாள். மறுபடியும் அதே அறை. வீடு முழுக்க நகரும் எந்திரம், இயக்குவது ஒரு கம்ப்யூட்டர். அவளைப் பைத்தியமாக்குவதற்கென்றே கட்டப்பட்ட பொறி அது. கட்டியவன் ஒரு விஞ்ஞானி. தந்தை இறந்தபின் 21 வயதில் கம்பெனியின் தலைமைக்கு வந்த எம்மா, மனிதர்களுக்குப் பதில் எந்திரங்களை வைக்கத் துடித்த அவனை வேலையிலிருந்து நீக்கியிருக்கிறாள். அந்தப் பழிக்குப் பழி இது. எபிசோடின் பெரும் பகுதியில் திரையில் டயானா ரிக் ஒருவர்தான். பேச ஆளில்லை, அதிகம் வசனமும் இல்லை. முதலில் ஆர்வம், பிறகு குழப்பம், பிறகு உள்ளுக்குள் அடக்கிய பயம், பிறகு கோபம், கடைசியில் எந்திரத்தின் பலவீனம் எது என்று கணக்குப்போடும் கண்கள். இவ்வளவையும் முகத்தாலும் நடையாலுமே சொன்னார். ஸ்ட்ராட்ஃபோர்டில் கற்றதை எல்ஸ்ட்ரீயில் செலவழித்தார் என்றுதான் சொல்ல வேண்டும்.

புகழ் கொட்டியது. 1967, 1968 இரண்டு ஆண்டுகளும் எம்மி விருதுக்குப் பரிந்துரை. கூட்டம் மொய்த்தது டயானாவுக்குப் பிடிக்கவில்லை. வெளியே போகவே தயங்கும் நிலைக்கு வந்தார். குவிந்த ரசிகர் கடிதங்களுக்கு அம்மா பதில் எழுதினார். காதல் கடிதம் எழுதிய விடலைப் பையன்களுக்கு, 'என் மகள் உனக்கு வயதில் மூத்தவள், நீ தெருவை ஒரு சுற்று ஓடிவிட்டு வா' என்கிற தோரணையில் அம்மாவின் பதில் போகும் என்று டயானா பிற்காலத்தில் சொல்லிச் சிரித்தார்.

---

முதல் பருவம் முடிந்த சமயத்தில்தான் அந்த விஷயம் அவருக்குத் தெரியவந்தது. தொடரின் நாயகி அவர். போஸ்டர்களில் அவர் முகம். பத்திரிகை அட்டைகளில் அவர் படம். ஆனால் அவர் வாங்கும் வாரச் சம்பளம் கேமராமேனின் சம்பளத்தைவிடக் குறைவு.

டயானா நேராகக் கேட்டார். சம்பளத்தை உயர்த்தாவிட்டால் அடுத்த பருவத்தில் இல்லை என்றார்.

இன்று இது சாதாரணக் கோரிக்கை. அன்று பத்திரிகைகள் அவரைப் பணத்தாசை பிடித்தவர் என்று எழுதின. பிரிட்டனில் சம ஊதியச் சட்டம் நிறைவேறியது 1970-இல். நடைமுறைக்கு வந்தது 1975-இன் கடைசியில். டயானா கேட்டது அதற்கெல்லாம் முன்பு, பேச்சுக்குத் துணை நிற்க ஒரு சட்டம்கூட இல்லாத காலத்தில். தொழிலில் இருந்த ஒரு பெண்கூடத் தனக்கு ஆதரவாகக் குரல் கொடுக்கவில்லை, உடன் நடித்த மெக்னீயும் பேசவில்லை என்று ஐம்பது ஆண்டுகளுக்குப் பிறகு, 2019-இல் ஒரு பேட்டியில் சொன்னார். தான் கேட்டது சமத்துவம் மட்டுமே என்றார். இன்னமும் ஆண் பெண் சம்பள இடைவெளியைப் பற்றிப் பேச வேண்டியிருக்கிறதே என்று வருத்தப்பட்டார். மெக்னீயோடு அவருக்குப் பகை எதுவும் வரவில்லை, கடைசிவரை அன்போடுதான் பேசினார். ஆனால் அந்த மௌனத்தை மறக்கவில்லை.

தயாரிப்பாளர்கள் இறங்கிவந்தார்கள். சம்பளம் கணிசமாக உயர்ந்தது. அடுத்த பருவத்தில் நடித்தார். இரண்டு பருவங்களுக்கு இடையே கிடைத்த இடைவெளியில் ஓய்வெடுக்கவில்லை. 1966-இல் ஸ்ட்ராட்ஃபோர்டுக்குத் திரும்பி 'ட்வெல்ஃப்த் நைட்' நாடகத்தில் வயோலாவாக நடித்தார். ஊரே எம்மா பீல் என்று கொண்டாடும்போது ஷேக்ஸ்பியர் மேடையில் போய் நிற்பது துணிச்சலான காரியம். விமர்சகர்கள் எம்மாவின் தோல் உடையைத் தேடிக்கொண்டு வருவார்கள் என்று தெரிந்தும் போனார்.

மொத்தம் 51 எபிசோடுகள். அதோடு போதும் என்று முடிவெடுத்தார். 1968-இல் வந்த வழியனுப்பு எபிசோடில், இறந்துவிட்டதாக நம்பிய கணவன் அமேசான் காட்டில் உயிரோடு கிடைத்துவிட்டான் என்று கதையை முடித்தார்கள். படியிறங்கும் எம்மாவும் படியேறும் புதிய நாயகி டாரா கிங்கும் எதிர்ப்படுகிறார்கள். ஸ்டீட்டுக்குத் தேநீரை எந்தத் திசையில் கலக்கினால் பிடிக்கும் என்று எம்மா சொல்லிவிட்டுப் போகிறாள். தொடர் அதற்குப் பிறகு ஓராண்டுக்குமேல் தாங்கவில்லை. 2000-இல் பிரிட்டிஷ் அகாடமி, அவெஞ்சர்ஸ் தொடர்களின் நாயகிகளான பிளாக்மன், ரிக், லிண்டா தோர்சன், ஜோனா லம்லி நால்வருக்கும் சேர்த்துச் சிறப்பு பாஃப்டா விருது கொடுத்தது.

---

பிளாக்மன் போன வழியிலேயே டயானாவையும் ஜேம்ஸ் பாண்ட் அழைத்தார். ஷான் கானரி விலகி, நடிப்பு அனுபவமே இல்லாத ஆஸ்திரேலிய மாடல் ஜார்ஜ் லேசன்பி பாண்டாக ஒப்பந்தமான நேரம். நாயகன் புதியவர் என்பதால் நாயகி தேர்ந்தவராக இருக்க வேண்டும் என்று தயாரிப்பாளர்கள் நினைத்தார்கள். 'ஆன் ஹர் மெஜஸ்டிஸ் சீக்ரெட் சர்வீஸ்' 1969 டிசம்பரில் வெளியானது. இயக்கியவர் பீட்டர் ஹன்ட்.

டயானா ஏற்ற டிரேசி, அதுவரையிலான பாண்ட் நாயகிகளைப்போல் நாயகனின் கையைப் பிடித்து ஓடுகிறவள் அல்ல. படத்தின் தொடக்கத்தில் கடலில் இறங்கிச் சாகப் போகிறாள். நடுவில் பனி மலைச் சாலையில் காரோட்டி பாண்டையே எதிரிகளிடமிருந்து தப்பவைக்கிறாள். கடைசியில் அவனைத் திருமணமும் செய்துகொள்கிறாள். மணக்கோலத்தில் புறப்பட்ட கார் மலைச் சாலையோரம் நிற்கிறது. பாண்ட் இறங்கி, காரில் கட்டியிருக்கும் பூக்களை எடுக்கிறான். இன்னொரு கார் கடந்துபோகிறது. துப்பாக்கிச் சத்தம். பாண்ட் உள்ளே திரும்பிப் பார்க்கும்போது கண்ணாடியில் ஓட்டை, டிரேசியின் நெற்றியில் காயம். நின்று விசாரிக்கும் போலீஸ்காரரிடம், அவள் ஓய்வெடுக்கிறாள், அவசரமில்லை என்கிறான். படம் அப்படியே முடிந்துவிடுகிறது. அன்றைய ரசிகர்கள் இதை எதிர்பார்க்கவில்லை. இன்று பாண்ட் படங்களில் மிகச் சிறந்தவற்றுள் ஒன்றாக அதை வைக்கிறார்கள். அதற்கு டயானாவின் நடிப்பு முக்கியக் காரணம்.

பாண்டுக்குப் பிறகு ஹாலிவுட் திறந்தது. பேடி சாயெஃப்ஸ்கி எழுதி ஆஸ்கர் வாங்கிய 'தி ஹாஸ்பிட்டல்' படத்தில் 1971-இல் ஜார்ஜ் சி. ஸ்காட்டுடன் நடித்தார். 1973-இல் 'தியேட்டர் ஆஃப் பிளட்'. தன்னைக் கிழித்த விமர்சகர்களை ஒவ்வொருவராக ஷேக்ஸ்பியர் நாடகச் சாவுகளின் பாணியில் கொல்லும் நடிகனின் கதை. நடிகனாக வின்சென்ட் பிரைஸ், மகளாக டயானா. அதே ஆண்டு அமெரிக்க என்பிசி, அவர் பெயரிலேயே 'டயானா' என்று ஒரு நகைச்சுவைத் தொடரைத் தொடங்கியது. அது எடுபடவில்லை, சில மாதங்களில் நின்றுபோனது. அவர் லண்டன் மேடையை விடவில்லை. 1972-இல் நேஷனல் தியேட்டரில் டாம் ஸ்டாப்பார்டின் 'ஜம்பர்ஸ்', 1973-இல் மோலியேரின் 'தி மிசாந்த்ரோப்', 1974-இல் பெர்னார்ட் ஷாவின் 'பிக்மேலியன்' நாடகத்தில் பூ விற்கும் எலைசா.

விமர்சகர் ஒருவருடன் அவருக்கு நேர்ந்தது நாடக வரலாற்றில் இடம்பெற்றுவிட்டது. 1971-இல் நியூயார்க்கில் 'ஏபலார்ட் அண்ட் ஹெலோய்ஸ்' நாடகத்தில் ஒரு காட்சியில் அவர் ஆடையின்றித் தோன்றினார். அந்த வேடத்துக்கு டோனி விருதுப் பரிந்துரை கிடைத்தது. ஆனால் ஜான் சைமன் என்ற விமர்சகர் நடிப்பை விட்டுவிட்டு அவர் உடலை ஒரு கட்டடத்தோடு ஒப்பிட்டுக் கேலி எழுதினார். மறுநாள் அரங்குக்குப் போகவே கூசியது என்றார் டயானா. போனார், நடித்தார். பிறகு சக நடிகர்களுக்குக் கடிதம் எழுதி, அவர்கள் வாங்கிய மிக மோசமான விமர்சனங்களை அனுப்பச் சொன்னார். அவற்றோடு பழைய காலத்து விமர்சனங்களையும் தேடிச் சேர்த்து 1982-இல் 'நோ டர்ன் அன்ஸ்டோன்ட்' என்ற புத்தகமாக வெளியிட்டார். தன்னைப் பற்றிய அந்த வரியையும் அதில் சேர்த்தார். அடிபட்ட நடிகர்கள் பலருக்கு அந்தப் புத்தகம் ஆறுதலானது.

---

நடிகைகளுக்கு 45 வயதைத் தாண்டினால் வேடங்கள் வற்றிப்போகும் என்பது அன்றும் இன்றும் உள்ள கதை. டயானாவின் ஆழமான வேலைகள் அந்த வயதில்தான் தொடங்கின. அவற்றில் முக்கியமானவற்றைக் கொடுத்தது தொலைக்காட்சி.

1983-இல் லாரன்ஸ் ஒலிவியே லியராக நடித்த தொலைக்காட்சிப் படத்தில், ஒரு காலத்தில் நல்ல மகள் கார்டிலியாவாக வந்தவர் கொடிய மகள் ரீகனாக வந்தார். 1985-இல் பிபிசி எடுத்த டிக்கன்ஸின் 'பிளீக் ஹவுஸ்' தொடரில், பழைய ரகசியத்தை நெஞ்சில் புதைத்துக்கொண்டு அசையா முகத்தோடு வாழும் லேடி டெட்லாக். 1989-இல் பிபிசியின் 'மதர் லவ்'. கணவன் பிரிந்துபோன பின் மகனைத் தனக்கே உரியவனாக இறுகப் பிடித்திருக்கும் ஹெலனா என்ற தாய். மகன் தன் தந்தையை ரகசியமாகச் சந்தித்துவந்தான் என்று தெரிந்ததும் கொலைவரை போகிறாள். பார்க்கிறவர் வெறுக்கவும் முடியாமல் இரங்கவும் முடியாமல் தவிக்கும்படி நடித்ததற்கு 1990-இல் சிறந்த நடிகைக்கான பாஃப்டா கிடைத்தது. 1997-இல் 'ரெபெக்கா' தொடரில் மிசஸ் டான்வர்ஸ் வேடம். முதல் பரிந்துரைக்கு 30 ஆண்டுகள் கழித்து எம்மி விருது கைக்கு வந்தது.

மேடையில் அவருடைய உச்சம் 'மீடியா'. துரோகம் செய்த கணவனைப் பழிவாங்கத் தான் பெற்ற பிள்ளைகளையே கொல்லும் கிரேக்கப் பெண். வடக்கு லண்டனிலுள்ள அல்மெய்டா என்ற சிறிய அரங்கில் 1992-இல் ஜோனதன் கென்ட் இயக்கத்தில் தொடங்கியது. பின்புறம் முழுக்க உலோகத் தகடுகளால் ஆன சுவர். முடிவில் அந்தத் தகடுகள் பேரிரைச்சலுடன் சரிந்து விழும், உள்ளிருந்து மீடியா வெளிப்படுவாள். டயானா அவளைப் பைத்தியக்காரியாகக் காட்டவில்லை. ஒவ்வொரு அடியையும் யோசித்து எடுக்கிற, தன் நியாயத்தை அறிவோடு வாதிடுகிற பெண்ணாகக் காட்டினார். அதுதான் பயமுறுத்தியது. நாடகம் வெஸ்ட் எண்டுக்கும் பிறகு பிராட்வேக்கும் போனது. 1994-இல் சிறந்த நடிகைக்கான டோனி விருது. அதே ஆண்டு டேம் பட்டம். 1995-இல் பிரெக்டின் 'மதர் கரேஜ்', 1996-இல் 'ஹூஸ் அஃப்ரெய்ட் ஆஃப் வர்ஜீனியா வுல்ஃப்' என்று அடுத்தடுத்துக் கடினமான நாடகங்களையே தேடிப் பிடித்தார்.

இதே காலத்தில் அமெரிக்க வீடுகளில் அவர் வேறொரு வகையில் அறிமுகமானார். பிரிட்டிஷ் துப்பறியும் தொடர்களை ஒளிபரப்பிய பிபிஎஸ் நிறுவனத்தின் 'மிஸ்டரி' நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கிவந்தவர் வின்சென்ட் பிரைஸ். அவர் ஓய்வுபெற்றதும் 1989-இல் அந்த இடத்துக்கு டயானா வந்தார். 2003 வரை அவர்தான்.

---

நம் வாசகர்களில் இளையவர்களுக்கு அவர் வேறு பெயரில் தெரிந்தவர்: 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' தொடரின் ஓலென்னா டைரெல். 2013-இல் மூன்றாவது பருவத்தில் வந்து சேர்ந்தபோது அவருக்கு வயது 74. வாளும் டிராகனும் ஆளும் கதையில், நாற்காலியில் உட்கார்ந்தபடி நாக்காலேயே ஆண்களைச் சாய்க்கும் கிழவி. சுருக்கங்களை மறைக்காத முகம், தலையைச் சுற்றி இறுக்கிய துணி. அழகுக்காகப் போற்றப்பட்ட ஒரு நடிகை அந்த வயதில் தன்னை அப்படிக் காட்ட முழுமனதோடு இருந்தார். அந்தத் தொடரைத் தான் உட்கார்ந்து பார்த்ததே இல்லை என்று 2019-இல் சொன்னார். வேலை வேலைதான், அதற்குப் பிறகு அதைப் பார்த்து ரசிப்பது அவர் பழக்கம் அல்ல.

ஓலென்னாவின் கடைசிக் காட்சி 2017-இல் ஏழாவது பருவத்தில் வந்தது. கோட்டை வீழ்ந்துவிட்டது, படை அழிந்துவிட்டது. வென்ற ஜேய்மி லானிஸ்டர் அறைக்குள் வருகிறான். அவன் நிற்கிறான், அவர் உட்கார்ந்திருக்கிறார். வலியில்லாத சாவு வேண்டும் என்று பேரம் பேசி வாங்கித் தந்திருப்பதாக அவன் சொல்லி, மதுவில் விஷத்தை ஊற்றுகிறான். ஓலென்னா கோப்பையை எடுத்து ஒரே மூச்சில் குடிக்கிறார். பிறகுதான் பேசத் தொடங்குகிறார். ஜேய்மியின் மகன் ஜாஃப்ரியை விஷம் வைத்துக் கொன்றது தான்தான் என்றும், அதை ஜாஃப்ரியின் தாய் செர்சியிடம் போய்ச் சொல் என்றும் நிதானமாகச் சொல்லிமுடிக்கிறார். டயானா குரலை உயர்த்தவே இல்லை. தோற்றவர் வென்றவரை வாயடைத்து நிற்கவைக்கும் அந்தச் சில நிமிடங்களுக்காக 2018-இல் மீண்டும் எம்மி பரிந்துரை. இந்த வேடத்துக்கு மட்டும் அது நான்காவது. அவருடைய முதல் எம்மி பரிந்துரைக்கும் இதற்கும் இடையே 51 ஆண்டுகள்.

மகள் ரேச்சல் ஸ்டெர்லிங்கும் நடிகை. இருவரும் சேர்ந்து நடிக்கவென்றே மார்க் கேட்டிஸ் 2013-இல் 'டாக்டர் ஹூ' தொடருக்கு ஓர் எபிசோட் எழுதினார். கதை நடப்பது 1893-ஆம் ஆண்டு யார்க்‌ஷயரில். டான்காஸ்டர் பேச்சு வழக்கிலேயே பேசி நடிக்கும் வாய்ப்பு டயானாவுக்கு அதில்தான் வந்தது. 'டிடெக்டரிஸ்ட்ஸ்' தொடரிலும் அம்மாவும் மகளுமே அம்மா, மகளாக வந்தார்கள்.

2018-இல் நியூயார்க்கின் லிங்கன் சென்டரில் 'மை ஃபேர் லேடி'. அது 'பிக்மேலியன்' நாடகத்தின் இசை வடிவம். 44 ஆண்டுகளுக்கு முன் எலைசாவாக நடித்தவர் இப்போது பேராசிரியர் ஹிக்கின்ஸின் தாயாக வந்தார். ஒரு பாட்டுக்கூட இல்லாத வேடம், அதற்கும் டோனி பரிந்துரை.

2020 மார்ச்சில் புற்றுநோய் என்று தெரிந்தது. செப்டம்பர் 10-இல் லண்டனில், மகளின் வீட்டில், 82 வயதில் காலமானார். வலியோடு கிடந்த கடைசி மாதங்களில், தீராத நோயாளிகள் தங்கள் முடிவைத் தாங்களே தேர்ந்துகொள்ளச் சட்டம் இடம்தர வேண்டும் என்று மகளிடம் பேசி ஒலிப்பதிவு செய்ய வைத்தார். 2023-இல் ரேச்சல் அதை வெளியிட்டார். உதவியுடன் இறக்கும் உரிமை பற்றி பிரிட்டனில் நடந்துவரும் விவாதத்தில் அந்தக் குரலும் சேர்ந்துகொண்டது.

மறைவுக்குப் பிறகும் திரையில் வந்தார். இமயமலை கான்வென்ட் ஒன்றில் நடக்கும் 'பிளாக் நார்சிசஸ்' தொடர் 2020 டிசம்பரில் ஒளிபரப்பானது. அடுத்த ஆண்டு எட்கர் ரைட்டின் 'லாஸ்ட் நைட் இன் சோஹோ' வந்தது. 1960-களின் லண்டனில் பாடகியாகும் கனவோடு வரும் இளம்பெண்ணை அந்த நகரத்து ஆண்கள் எப்படி விலைபேசினார்கள் என்பதே படத்தின் மையம். அந்தக் காலத்தின் பளபளப்புக்கு முகமாக இருந்த டயானாவே அதன் இருட்டைச் சொல்லும் படத்தில், மாடி அறையை வாடகைக்கு விடும் மிஸ் காலின்ஸாக வருகிறார். படம் அவர் பெயருக்கான சமர்ப்பணத்தோடு தொடங்குகிறது.

டயானா ரிக்குக்குக் குழந்தைப் பருவத்தைக் கொடுத்த அதே இந்தியா, இன்னொரு பிரிட்டிஷ் நடிகைக்கு முதுமையில் பெரும் புகழைக் கொடுத்தது. ஐம்பது ஆண்டுகள் மேடையே கதி என்று இருந்தவர் அவர். 1984-இல் 'தி ஜுவல் இன் தி கிரவுன்' தொலைக்காட்சித் தொடர், 'எ பாசேஜ் டு இந்தியா' திரைப்படம் இரண்டிலும் ஒருசேர வந்து, 77 வயதில் ஆஸ்கர் வாங்கிய பெக்கி ஆஷ்கிராஃப்டின் கதை அடுத்த அத்தியாயத்தில்.

(தொடரும்)